உன் முதல் வாக்கைப் போட்டவன்

மகள்,

நம் வீட்டு வழக்கப்படி முடிவை முதலில் சொல்கிறேன். நகரசபைத் தேர்தலில் நீ போட்ட உன் முதல் வாக்கு எண்ணப்படவில்லை. நீ நிரப்பி உறைக்குள் வைத்த சீட்டை நான் எடுத்துவிட்டு வேறொன்றை வைத்தேன். மூன்று நாள் கழித்து, என் பெயரை வெட்டியதற்காக நீ வந்து மன்னிப்புக் கேட்டாய். மன்னித்துவிட்டதாகச் சொன்னேன். அந்த நேரத்தில் உன் சீட்டு எங்கே கிடந்தது என்று எனக்குத் தெரியும்.

இனி முதலிலிருந்து சொல்கிறேன். இது ஏன் எல்லோரும் வாசிக்கும் கடிதமாக இருக்கிறது என்று நீ கேட்பாய். நம் தமிழ்ச் சங்கம் வருசத்துக்கு ஒருமுறை போடும் மலருக்கு, ஒரு பொறியியலாளர் நகரசபைக்குப் போன கதையை எழுதித் தரும்படி செயலாளர் கேட்டார். "தம்பி, எங்கட பிள்ளையளுக்கு ஒரு முன்மாதிரி வேணும். நல்லதா ஒரு நாலு பக்கம் எழுதித் தாங்கோ" என்றார். ஓம் என்று அவர் முடிக்க முன்பே சொல்லிவிட்டேன். பிறகு உட்கார்ந்து எழுதினால் முதற்பந்தியைத் தாண்ட முடியவில்லை. நான் எப்படி அந்த நகரசபைக் கதிரைக்குப் போனேன் என்று எழுதத் தொடங்கினால் உன் உறை வந்து நடுவில் நிற்கிறது. அந்த நாலு பக்கத்தில் இதுதான் வரவேண்டும். ஆனால் இந்தக் கடிதம் முதலில் தபாலில் உனக்கு மட்டும் வரும். நீ வேண்டாம் என்றால் உன் மேசை லாச்சிக்குள் கிடக்கட்டும், சங்கத்துக்கு ஒன்றும் கொடுக்கமாட்டேன். உன்னைத் தவிர வேறு யாராவது இதை வாசித்துக்கொண்டிருந்தால், நீ சம்மதித்தாய் என்று அவர்கள் எடுத்துக்கொள்ளலாம். உன் வாக்கு இரகசியமானது. உன்னைக் கேட்காமல் ஒருமுறை திறந்தேன். இரண்டாம் முறை அதைச் செய்யமாட்டேன்.

நான் எல்லாவற்றையும் அவசரமாகச் செய்தவன். ஒன்பது வயதில் இந்த நாட்டுக்கு வந்து, பதினொரு வயதில் அப்பப்பாவுக்குக் கெமைண்டேயிலிருந்து, அதாவது நகரசபையிலிருந்து, ஜெர்மனில் வந்த கடிதங்களை எல்லாம் வாசித்துப் பதில் எழுதினேன். இருபது வயதில் அப்பா ஆனேன். அப்போது நான் வரைபடம் கீறும் தொழில் பழகிக்கொண்டிருந்தேன். நீ தொட்டிலில் கிடக்க, பக்கத்தில் இருந்து குழாய்களின் சாய்வைக் கீறுவேன். உன் முதல் ஆசிரியை பெற்றோர் கூட்டத்தில் என்னை உன் அண்ணா என்று நினைத்து, அப்பா வருவாரா என்று கேட்டார். பகலில் வேலை, பின்னேரத்தில் பொறியியல் படிப்பு. மழைநீரும் கழிவுநீரும் நிலத்துக்குக் கீழே எப்படி ஓடவேண்டும் என்று கணக்கிடுவது என் தொழில். தண்ணீர் காரணம் சொல்லாது, சாய்வு இருந்தால் ஓடும், இல்லாவிட்டால் நிற்கும். மனிதர்களும் அப்படி இருந்தால் நல்லது என்று நினைத்தேன். யாராவது ஒரு கதையைச் சுற்றிச் சுற்றிச் சொன்னால் எனக்குக் கால் ஆடத் தொடங்கிவிடும். "முடிவைச் சொல்லு" என்பேன். அம்மாவிடம் சொன்னேன், வேலையிடத்தில் சொன்னேன், உன்னிடம் மிக அதிகமாகச் சொன்னேன்.

உனக்கு எட்டு வயது இருக்கும். பாடசாலையிலிருந்து ஓடிவந்து, நான் கார்த் திறப்பைத் தேடிக்கொண்டு நிற்கையில், என் முன்னால் நேராக நின்று சொன்னாய்: "முடிவு என்னெண்டா, முள்ளெலி உயிரோட இருக்கு. இப்ப முதல்ல இருந்து சொல்லட்டோ அப்பா?" நான் சிரித்தேன். என் பிள்ளை எவ்வளவு கெட்டித்தனமாக அறிக்கை தருகிறாள் என்று அடுத்த நாள் அலுவலகத்தில் எல்லோருக்கும் சொன்னேன். முதலிலிருந்து சொல்லவிட்டேனா? இல்லை. திறப்பு கிடைத்துவிட்டது, போய்விட்டேன். அந்த முள்ளெலிக்கு என்ன நடந்தது என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. இதை இப்போது ஏன் எழுதுகிறேன் என்றால், உறையைத் திறந்தது திடீரென்று ஒரு சனிக்கிழமை நடந்த காரியம் என்று நானே பலகாலம் நினைத்துக்கொண்டிருந்தேன். அதற்கு முன்னால் பத்து வருசமாக உன் வாக்கியங்களைப் பாதியில் நானே முடித்துவைத்திருக்கிறேன்.

அரசியலுக்கு நான் வந்ததும் பொறுமை இல்லாததால்தான். அம்மா வேலை செய்யும் முதியோர் இல்லத்துக்கு முன்னால் உள்ள பஸ் தரிப்பிடத்தின் விளிம்புக் கல் உயரம் காணாது. சக்கர நாற்காலியில் வருகிறவர்களை இரண்டு பேர் தூக்கி ஏற்றவேண்டும். நகரசபைக்குக் கடிதம் எழுதினேன். படத்தோடு எழுதினேன். அளவுகளோடு எழுதினேன். கடைசியில் சபையில் இருந்த ஒருவர் தொலைபேசியில் கூப்பிட்டு, உங்களுடைய கடிதங்களுக்குப் பதில் எழுதிக் களைத்துவிட்டோம், பேசாமல் உள்ளே வந்து இருங்கள் என்றார். பகிடியாகத்தான் சொன்னார். நான் அடுத்த வாரமே அவருடைய கட்சிக் கூட்டத்துக்குப் போய் இருந்தேன். இரண்டு வருசத்தில் என் பெயர் அவர்களுடைய பட்டியலில் நாலாவதாக அச்சாகி வந்தது. நம் ஊரில் தமிழ்ப் பெயர் ஒன்று வாக்குச் சீட்டில் வந்தது அதுதான் முதல்தடவை. அம்மா ஒரு பிரதியை எடுத்துச் சாமியறைக்குள் வைத்தா.

தேர்தலுக்கு முன்னால் மண்டபத்தில் நடந்த கூட்டம் உனக்கு நினைவிருக்கும், நீ மூன்றாவது வரிசையில் இருந்தாய். ஓடையைக் குழாய்க்குள் விட்டு மேலே பாடசாலை விளையாட்டு மண்டபம் கட்டத் தொடங்கியிருந்த திட்டத்தைப் பற்றி ஆட்கள் கேட்டார்கள். அந்தக் குழாயைக் கணக்கிட்டது எங்கள் அலுவலகம், கணக்கிட்டது நான்தான். வேறு பட்டியலில் நின்ற பெண் ஒருவர், ஓடைக்கு மேலே பால்பண்ணை வைத்திருப்பவர், எழுந்து நின்று தன் புல்வெளியைப் பற்றிச் சொல்லத் தொடங்கினார். அவர் ஆறுதலாகப் பேசுகிறவர். தன் தகப்பன் காலத்தில், மார்ச் மாதத்தில், பனி உருகும்போது என்று ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொண்டு வந்தார். நான் ஒலிவாங்கியை எடுத்து, "அது கணக்கில் வந்துவிட்டது. அடுத்த கேள்வி" என்றேன். சனம் சிரித்தது. அவர் உட்கார்ந்தார். வீட்டுக்குப் போகும் வழியில் நீ ஒரு சொல்லும் பேசவில்லை. நான் நன்றாகப் பேசினேன், அதனால்தான் ஒன்றும் சொல்லாமல் வருகிறாய் என்று நினைத்தேன்.

பிறகு வாக்கு உறைகள் தபாலில் வந்தன. இதை வாசிக்கும் பிள்ளைகளில் இன்னும் பதினெட்டு ஆகாதவர்களுக்காகச் சொல்கிறேன். ஆளுக்கு ஒரு தடித்த உறை வரும். உள்ளே கையெழுத்து வைக்கும் அட்டை ஒன்று, ஒவ்வொரு கட்சியின் பட்டியலும் கிழித்தெடுக்கக்கூடியதாகக் கோர்த்த சிறு புத்தகம் ஒன்று, சீட்டை வைக்க ஒரு சின்ன உறை. விருப்பமான பட்டியலைக் கிழித்து எடுக்கலாம். அதில் பிடிக்காத பெயரை வெட்டலாம், வேறு பட்டியலில் இருக்கிற ஒருவரின் பெயரை அந்த இடத்தில் எழுதலாம். எழுதி வைத்துவிட்டுத் தபாலில் போடலாம் அல்லது நகரசபை வாசல் பெட்டியில் போடலாம். இவ்வளவுதான். ஆனால் நம் சனத்துக்கு அரசாங்கத்திலிருந்து வரும் உறை என்றால் அது என்னிடம் கொண்டுவரவேண்டிய உறை. வரிக் கடிதம், வதிவிட அனுமதி, காப்புறுதி, பாடசாலைக் கடிதம் எல்லாம் என் மேசைக்குத்தான் வரும். நான் சொல்லும் இடத்தில் கையெழுத்து வைப்பார்கள். என்ன எழுதியிருக்கிறது என்று கேட்கமாட்டார்கள். எனக்கும் விளங்கப்படுத்துவதைவிட நானே நிரப்புவது வேகம். அந்தத் தேர்தலுக்கும் நாலு வீட்டிலிருந்து அட்டையில் கையெழுத்து வைத்து, சீட்டை வெறுமையாகக் கொண்டுவந்து தந்தார்கள். "உங்களுக்குத்தானே தம்பி, நீங்களே போட்டுவிடுங்கோ" என்றார்கள். அம்மாவும் தன்னுடையதைத் தந்தா. பிழை என்று எனக்குத் தெரியும். வேட்பாளர்களுக்குத் தந்த தாளில் அச்சடித்தே இருந்தது. வாசித்தேன், மடித்து வைத்தேன், நிரப்பினேன்.

நீ மட்டும் தரவில்லை. ஒரு கிழமை, முழுதாக ஏழு நாள், அந்தப் புத்தகத்தை வைத்துக்கொண்டு குசினி மேசையில் இருந்தாய். ஒவ்வொரு வேட்பாளரைப் பற்றியும் தேடி வாசித்தாய். நான் பின்னால் நின்று, "இவ்வளவு நேரம் என்னத்தைப் பார்க்கிறாய்?" என்றேன். "என்ர முதல் வாக்கு அப்பா, ஆறுதலாப் போடுறன்" என்றாய். சனிக்கிழமை காலை உன் உறையை மற்ற உறைகளின் மேல் வைத்து, "நீங்கள் போகேக்க இதையும் பெட்டிக்குள்ள போட்டுவிடுங்கோ" என்று சொல்லிவிட்டு நீச்சலுக்குப் போனாய். நீ அதை ஒட்டவில்லை. நான் திறக்கமாட்டேன் என்று நம்பியதால் ஒட்டவில்லை என்று நினைக்கிறேன். ஒருவேளை பசை காய்ந்திருந்ததோ தெரியாது. நான் அதற்குள் போக விரும்பவில்லை.

கையெழுத்து வைத்திருக்கிறாயா என்று பார்க்கத்தான் வெளி உறையைத் திறந்தேன். முதல்முறை போடுகிறவர்கள் அதைத்தான் மறப்பார்கள், மறந்தால் வாக்குச் செல்லாது. கையெழுத்து இருந்தது. அங்கே நிறுத்தியிருக்க வேண்டும். வேலையில் ஒரு வரைபடம் என் மேசையைத் தாண்டிப் போக முன் நான் கடைசிக் கோடுவரை பார்ப்பேன். அந்தப் பழக்கம் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டு சின்ன உறையையும் திறந்தேன். எங்கள் பட்டியலைத்தான் எடுத்திருந்தாய். நாலாவது வரியில் என் பெயரின் மேல் அடிமட்டம் வைத்து நேராக ஒரு கோடு. பக்கத்தில் உன் வட்டமான எழுத்தில் பால்பண்ணைக்காரியின் பெயர்.

எனக்குக் கோபம் வரவில்லை. கோபம் வந்திருந்தால் உனக்காகக் காத்திருந்து சண்டை பிடித்திருப்பேன், அது நல்லதாக முடிந்திருக்கும். எனக்கு வந்தது ஒரு திருத்துகிறவனின் நிதானம். இது பிள்ளையின் பிழை, இதைச் சரிப்படுத்த வேண்டும். நாலு வீட்டு உறைகளோடு வந்து, பயன்படாமல் மிச்சமாகக் கிடந்த ஒரு புத்தகத்திலிருந்து எங்கள் பட்டியலை இன்னொன்று கிழித்து, ஒன்றும் வெட்டாமல் உறைக்குள் வைத்து ஒட்டினேன். உன் சீட்டை, அந்த மாதம் வண்டி வந்து எடுத்துப்போக வைத்திருந்த பழைய பத்திரிகைக் கட்டின் நடுவில் சொருகி, நூலால் இரண்டு பக்கமும் இறுக்கிக் கட்டினேன். எல்லாம் சேர்த்துப் பத்து நிமிடம். பிறகு நகரசபைப் பெட்டியில் எல்லா உறைகளையும் போட்டுவிட்டு, வரும் வழியில் பாண் வாங்கிக்கொண்டு வந்தேன். மத்தியானம் நீ ஈரத் தலையோடு வந்து, "போட்டிட்டியளோ?" என்று கேட்டாய். "ஓம், போட்டிட்டன்" என்றேன்.

அடுத்த நாள் நான் வென்றேன். நல்ல இடைவெளியில் வென்றேன். உன் வாக்கு இல்லாமலும், அந்த நாலு வீட்டு வாக்குகள் இல்லாமலும் வென்றிருப்பேன். பாலம் கட்டுகிறவர்கள் தேவைக்கு மேல் கொஞ்சம் பலம் வைப்பார்கள், அது நேர்மையான பயம். எனக்கு எந்தத் தேவையும் இருக்கவில்லை. ஒரு வாக்குக் குறைவதை அல்ல, என் வீட்டுக்குள் ஒருத்தி என்னை வேண்டாம் என்று நினைப்பதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை. வீடு நிறையச் சனம் ரோல்ஸும் கேக்கும் கொண்டு வந்தது. எல்லோருக்கும் தேத்தண்ணி கொடுத்துக்கொண்டு திரிந்தாய். உன் முகத்தை நான் பார்க்கவில்லை.

செவ்வாய்க்கிழமை நமக்கு உடுப்புத் தோய்க்கும் நாள். நிலக்கீழ் அறையில் உலர்த்தி இயந்திரத்தின் தூசி வலையை நான் துடைத்துக்கொண்டிருக்க, கூடையோடு வந்து நின்றாய்.

"அப்பா, முடிவைச் சொல்லுறன். நான் உங்கட பேரை வெட்டினனான்."

"எந்தப் பேரை?"

"சீட்டில. உங்கட பேரை வெட்டிப்போட்டு மற்ற ஆளை எழுதினனான். இப்ப காரணத்தைச் சொல்லட்டோ?"

"தேவையில்லைப் பிள்ளை."

"இல்லை, ஒருக்காச் சொல்ல விடுங்கோ. நீங்கள் கெட்டிக்காரன் அப்பா. ஆனா ஆக்களைக் கதைக்க விடமாட்டியள். கதைக்க விடாத ஆள் அங்க போய் இருக்கக் கூடாது எண்டு நினைச்சனான். பிறகு ஞாயிற்றுக்கிழமை எல்லாரும் வந்து சந்தோசமா நிக்கேக்க, நான் என்ன பிள்ளை எண்டு..."

அழத் தொடங்கினாய். அந்த இடத்தில் நான் சொல்லியிருக்க வேண்டியது ஒரேயொரு வாக்கியம். அது வாய்வரை வந்தது என்று எழுதினால் நல்லாயிருக்கும். வரவில்லை. வந்தது ஒரு நிம்மதி. இவளுக்குத் தெரியாது, இனி இவளே இதைப் பற்றிப் பேசமாட்டாள் என்ற நிம்மதி. உன் தலையில் கை வைத்து, "சரி விடு, அப்பா மன்னிச்சிட்டன். இந்த விரிப்பின்ர மற்றப் பக்கத்தைப் பிடி" என்றேன். இரண்டு பேருமாகப் படுக்கை விரிப்பை மடித்தோம். நான் பெருந்தன்மையான அப்பா என்று நீ அம்மாவிடம் சொன்னதாக அம்மா பிறகு சொன்னா. அதைக் கேட்டு எனக்குக் கொஞ்சம் பெருமையாகக்கூட இருந்தது. இந்தக் கடிதத்தில் எழுதக் கூசுகிற வரி அதுதான்.

அந்தக் கோடைக்குப் பிறகு நீ ஃப்ரிபூர்க்கில் சட்டம் படிக்கப் போயிருக்க வேண்டும். இடம் கிடைத்திருந்தது. ஒரு வருசம் பிந்திப் போகிறேன் என்றாய். பக்கத்தில், ஊஸ்டரில் ஒரு வெதுப்பகத்தில் வேலைக்குப் போனாய். பின்னேரங்களில் என் சபைக் கடதாசிகளை ஒழுங்குபடுத்தினாய். என் முன்மொழிவுகளின் ஜெர்மனை நீ திருத்தின பிறகுதான் அவை வாசிக்கக்கூடியதாக இருந்தன. என்னைப் பார்க்க வரும் ஆட்கள் பேசும்போது குறிப்பெடுத்து, நான் கேட்காமல் விட்டதைப் பிறகு எனக்குச் சொன்னாய். அரசியல் பிடித்துவிட்டது போல என்று ஆட்களிடம் சொல்லிக்கொண்டு திரிந்தேன். காரணம் தெரியாது என்று சொன்னால் பொய். கேட்டால் பதில் வரும் என்பதால் கேட்கவில்லை.

அடுத்த வருசம் மார்ச்சில் புதிதாகக் கட்டிய விளையாட்டு மண்டபத்தின் கீழ்த்தளத்துக்குள் தண்ணீர் வந்தது. புல்வெளிக்கு அடியில் வரைபடத்தில் இல்லாத ஒரு பழைய வாய்க்கால் இருந்திருக்கிறது. பனி உருகும்போது மட்டும் ஓடுமாம். பால்பண்ணைக்காரி அன்று மண்டபத்தில் அதைத்தான் சொல்லிக்கொண்டு வந்திருக்கிறார். ஊறிப்போன மரத்தரையில் நான் சப்பாத்தோடு நிற்க, அவர் வாசலில் நின்று என்னைப் பார்த்தார், தன் தண்ணீர் இறைக்கும் பம்பியைக் கொண்டுவந்து வைத்துவிட்டுப் போனார். நீ வெட்டினது சரியான பெயர். எழுதினதும் சரியான பெயர். பதினெட்டு வயதில் ஒரு கிழமை ஆறுதலாக இருந்து நீ கண்டுபிடித்ததை, நான் பத்து நிமிடத்தில் பிழை என்று திருத்தினேன்.

போன மாதம் உன் மெத்தையையும் பெட்டிகளையும் ஃப்ரிபூர்க்கில் இறக்கிவிட்டு நாங்கள் வெளிக்கிடும்போது, "வெள்ளிக்கிழமையில வாறன் அப்பா, சபைப் பேப்பரெல்லாம் அப்பிடியே வையுங்கோ" என்றாய். அந்த அறையில் இருந்த மற்றப் பிள்ளைகள் சனி ஞாயிறுக்கு எங்கே போவது என்று கதைத்துக்கொண்டிருந்தார்கள். ட்ரெயின் பேர்னைத் தாண்டியது. அம்மா கேட்டா.

"அவள் ஏன் ஒரு வருசம் நிண்டவள் எண்டு தெரியுமோ உங்களுக்கு?"

"அரசியல்..."

"அரசியலோ. அப்பாவை விழுத்தப் பார்த்தனான் அம்மா, அதுக்கு ஏதாவது செய்யோணும் எண்டு எனக்குச் சொன்னவள். உங்களுக்குச் சொல்ல வேண்டாம் எண்டவள். இப்ப கிழமைக்குக் கிழமை வரப்போறாள். அவளுக்குப் படிக்க நேரம் எங்க?"

அங்கேதான் அம்மாவிடம் சொன்னேன். முன் இருக்கையில் இரண்டு பேர் சீட்டு விளையாடிக்கொண்டிருந்தார்கள். அம்மா கடைசிவரை கேட்டா. பிறகு, "அவள் மூண்டு நாள் சாப்பிடேல்லை. வயித்துக்குத்து எண்டு உங்களுக்குச் சொன்னது நான்" என்றா. சூரிச்சில் இறங்கி ட்ரெயின் மாறும்போது எனக்குப் பக்கத்தில் வராமல் கொஞ்சம் முன்னால் நடந்தா. இன்னும் கொஞ்சம் முன்னால்தான் நடக்கிறா.

அந்தக் கிழமையே நாலு வீட்டுக்கும் போனேன். நான் செய்தது குற்றம், உங்களுடைய வாக்கை நான் போட்டிருக்கக் கூடாது என்று சொன்னேன். ஒருவரும் கோபிக்கவில்லை. அது எனக்கு அடி விழுந்ததைவிட மோசமாக இருந்தது. பாடசாலையில் துப்புரவு வேலை செய்யும் ராணி அக்காவை உனக்குத் தெரியும், தன் உறைகளை எல்லாம் குளிர்சாதனப் பெட்டிக்கு மேல் அடுக்கி வைத்திருப்பா. நான் சொல்லச் சொல்ல எனக்கு வடை போட்டுக்கொண்டிருந்தா.

"அதுக்கென்ன தம்பி, நாங்கள்தானே கொண்டுவந்து தந்தனாங்கள்."

"நான் வாங்கியிருக்கக் கூடாது அக்கா."

"அப்ப ஏன் வாங்கினனீங்கள்?"

"உங்களுக்கு விளங்கப்படுத்த எனக்குப் பொறுமை இருக்கேல்லை."

அக்கா கையைத் துடைத்துக்கொண்டு என்னைப் பார்த்தா. "அப்ப எனக்கு விளங்கும் எண்டு உங்களுக்குத் தெரியும்" என்றா. பெட்டிக்கு மேலிருந்து ஓர் உறையை எடுத்தா, அடுத்த மாத வாக்கெடுப்புக்கு வந்தது. "இது எங்கட பாடசாலையைப் பற்றினது. அங்க கூட்டித் துடைக்கிறது நான், எனக்குத் தெரியாததோ. நீங்கள் பல்கனியில போய் நில்லுங்கோ. எட்டிப் பார்க்கக் கூடாது." போய் நின்றேன். குளிராக இருந்தது. நெடுநேரம் எடுத்தா. உள்ளேயிருந்து ஒருமுறை, "தம்பி, விருப்பமெண்டா ஜெர்மனில யா எண்டுதானே எழுதோணும்?" என்று கேட்டா. ஓம் என்றேன். "எனக்குத் தெரியும், நிக்கிறியளோ எண்டு பார்த்தனான்" என்றா. அவ யா எழுதினாவா, வேறென்ன எழுதினாவா என்று எனக்குத் தெரியாது. என் வாழ்க்கையில் ஒரு மேசையில் என்ன நடக்கிறது என்று தெரியாமல் கைகட்டி நின்ற முதல் அரை மணித்தியாலம் அது.

இனி நான் செய்ததையும் செய்யப்போவதையும் சொல்கிறேன். சபையிலிருந்து விலகும் கடிதத்தைக் கொடுத்துவிட்டேன். காரணத்தையும் எழுதினேன். தனிப்பட்ட காரணங்கள் என்று போடலாம் என்று கட்சியில் சொன்னார்கள், போடவில்லை. ஒரு வழக்கறிஞரிடம் கேட்டேன். சட்டத்தில் அகப்படுவது நிரப்பிய கைதான், நம்பித் தந்தவர்களைத் தேடமாட்டார்கள் என்று அவர் நினைக்கிறார். என்னை நானே முறையிடும் கடிதம் எழுதி முடித்துவிட்டேன். உன் பெயர் அதில் இருக்கிறது, அதனால் நீ இதை வாசித்த பிறகுதான் அனுப்புவேன். ஆனால் அனுப்புவேன், அதற்கு மட்டும் உன் அனுமதி கேட்கவில்லை. தண்டம் வரும், வேலையிடத்திலும் கேள்வி வரும். நம் சனம் இரண்டாகப் பிரியும். நம் ஆட்களுக்கு இருந்த ஒரு கதிரையையும் இவன் விட்டுவிட்டான் என்பவர்கள்தான் அதிகம் இருப்பார்கள். உன்னையும் யாராவது வந்து கேட்பார்கள், அப்பாவின் பெயரை வெட்டின பிள்ளை நீதானே என்று. ஓம் என்று சொல்லு. காரணம் கேட்டால் முதலிலிருந்து சொல்லு, அவசரப்படாதே. கேட்கிறவர்களுக்குக் கால் ஆடினால் ஆடட்டும்.

புத்திமதி என்று சொல்ல எனக்கு அதிகம் இல்லை, உரிமையும் இல்லை. உனக்கு வரும் கடிதத்தை உனக்காக வேறு யாரையும் வாசிக்க விடாதே, அவர் எவ்வளவு அன்பானவராக இருந்தாலும். அன்பாகச் செய்கிறேன் என்றுதான் நானும் எல்லார் உறையையும் திறந்தேன். உன்னிடம் ஒருவர் அழுது மன்னிப்புக் கேட்கும்போது உனக்கு நிம்மதி வந்தால், அந்த நிம்மதி எங்கிருந்து வருகிறது என்று பார். நீ படிக்கப் போகிற புத்தகங்களில் நான் செய்ததற்குப் பெயரும் இலக்கமும் இருக்கும். உலர்த்தி இயந்திரத்துக்கு முன்னால் நான் செய்ததற்கு எந்தப் புத்தகத்திலும் இலக்கம் இருக்காது. எனக்கு அதுதான் பெரிது.

ஒரு வருசத்தைத் திருப்பித் தர எனக்கு வழி தெரியாது. நீ செய்யாத தவறுக்கு நீ கட்டிய வருசம் அது. என்னிடம் நீ கேட்ட மன்னிப்பைத் திருப்பி எடுத்துக்கொள், அது ஒருநாளும் எனக்குச் சேரவேண்டியதாக இருக்கவில்லை. நான் உன்னிடம் மன்னிப்புக் கேட்கிறேன். மன்னித்துவிட்டேன் என்று நீ சொல்லவேண்டும் என்று எதிர்பார்க்கவில்லை. கோபம் தீராவிட்டால் தீராமல் இருக்கட்டும். கூப்பிட்டுத் திட்ட வேண்டும் என்றால் கூப்பிடு, நடுவில் பேசமாட்டேன்.

இந்த வெள்ளிக்கிழமை வராதே. இனிச் சபைப் பேப்பர் ஒன்றும் வராது, உன் மேசையை அம்மா துடைத்து வைத்திருக்கிறா. ஃப்ரிபூர்க்கில் மற்றப் பிள்ளைகள் சனி ஞாயிறுக்கு எங்கே போகிறார்களோ அங்கே நீயும் போ. ஒருநாள் நமக்குச் செய்யவேண்டியது ஏதும் இல்லாமல், சும்மா வீட்டுக்கு வரவேண்டும் போல உனக்கு இருந்தால், அன்றைக்கு வா. அது எப்போது என்று நான் கேட்கமாட்டேன்.

அப்பா